பீச் காப்ளரில் மேல் மாவின் அடிப்பக்கம் வேகாமல் நிற்பது ஏன்?

பூங்கோதை (அட்லாண்டா)

அனைவருக்கும் வணக்கம். ஃபோர்ட் வேலி அருகே ஒரு தோட்டத்துக் கடையிலிருந்து அரை புஷல் பீச் பழம், அதாவது ஏறத்தாழ 25 பவுண்டு, வாங்கி வந்திருக்கிறோம். 2023இல் குளிர்காலம் போதிய அளவு குளிராமல் போய், அதன்பின் மார்ச்சில் உறைபனியும் விழுந்ததில், ஜார்ஜியாவின் பீச் விளைச்சலில் 90 விழுக்காடு அளவுக்கு அழிந்துபோனது உங்களில் பலருக்கு நினைவிருக்கும். அந்த ஆண்டு உள்ளூர்ப் பழம் கிடைப்பதே அரிதாக இருந்தது. ஆகவே நல்ல பழம் கைக்குக் கிடைக்கும் கோடையில் அதை உரிய முறையில் சமைக்க வேண்டும் என்று விரும்புகிறேன்.

ஜூலை 4 அன்று எங்கள் தெருவில் ஒவ்வொரு வீட்டிலிருந்தும் ஒரு பண்டம் கொண்டுவந்து எல்லோருமாக உண்பது வழக்கம். நான் பீச் காப்ளர், அதாவது பழத்தோடு மாவைச் சேர்த்து ஓவனில் வேகவைக்கும் இனிப்புப் பண்டம், கொண்டுவருவதாக ஒப்புக்கொண்டிருக்கிறேன். முன்னோட்டமாகச் செய்து பார்த்ததில் மேற்புறம் நல்ல பொன்னிறமாக வந்தது. ஆனால் கரண்டியை விட்டு எடுத்தபோது, பழத்தைத் தொட்டுக்கொண்டிருந்த மாவு களி போல ஒட்டியது. பாத்திரத்தின் அடியில் ஒரு விரற்கடை உயரத்துக்குச் சாறு நீராகத் தேங்கி நின்றது. குளிர்பதனப் பெட்டியிலிருந்து எடுத்த பழத்தை நறுக்கி, சர்க்கரை கலந்து, 9க்கு 13 அங்குலக் கண்ணாடிப் பாத்திரத்தில் பரப்பி, அதன் மேல் மாவை முழுவதும் மூடுமாறு தட்டிப் போட்டு, 375 டிகிரி பாரன்ஹீட்டில் 40 நிமிடம் வைத்தேன். இன்னும் கூடுதல் நேரம் வைத்திருந்தால் மேற்புறம் கருகியிருக்கும் என்று தோன்றியது.

இதற்குக் காரணம் என்ன, எப்படிச் சரிசெய்வது என்று அறிந்தவர்கள் கூற வேண்டுகிறேன். பக்கத்து வீட்டு அம்மையார் மாவைக் கரைத்து ஊற்றும் முறைதான் எளிது என்கிறார். எதிர்வீட்டிலோ பிஸ்கட் மாவை (இங்கே பிஸ்கட் என்பது மென்மையான சிறு ரொட்டி) உருண்டையாக வைப்பதுதான் முறை என்கிறார்கள். என் மாமியார் முட்டை உண்பதில்லை என்பதால் முட்டையில்லாத முறையாக இருக்க வேண்டும். மேலும், வீட்டில் கொஞ்சம் பிளாக்பெர்ரி இருக்கிறது, அதையும் சேர்க்கலாமா?


அடுமனைச் செல்வி (கொலம்பியா, தென் கரோலினா)

வணக்கம் பூங்கோதை. உங்கள் காப்ளருக்கு நேர்ந்தது நேரக் குறைவால் வந்தது அன்று. வெப்பம் போய்ச் சேர்ந்த வழியால் வந்தது. காப்ளரின் மேல் மாவுக்கு இரண்டு பக்கமிருந்தும் வெப்பம் கிடைக்க வேண்டும். மேலிருந்து ஓவனின் சூடான காற்று மாவைச் சிவக்க வைக்கிறது. கீழிருந்து கொதிக்கும் பழச்சாறும் அதன் ஆவியும் மாவின் அடிப்பக்கத்தை வேகவைக்கின்றன. பழம் குளிர்ந்திருந்தால் இந்த இரண்டாவது வெப்பம் வெகுநேரம் கழித்தே வந்து சேரும். பீச் பழத்தில் பத்தில் ஒன்பது பங்கு அளவுக்குத் தண்ணீர்தான். அவ்வளவு குளிர்ந்த நீரும், வெப்பத்தை மெதுவாகக் கடத்தும் கண்ணாடிப் பாத்திரமும் சேர்ந்தால், 40 நிமிடத்தில் பெரும்பகுதி நேரம் பழம் சூடாவதற்கே போய்விடும். அதற்குள் மாவின் மேற்புறம் சிவந்துவிடும். அடிப்புறமோ வெதுவெதுப்பான சாற்றில் ஊறிக்கொண்டே இருக்கும்.

ஆகவே முதல் மாற்றம் இதுதான்: பழத்தை மட்டும் முதலில் ஓவனில் வைத்து, ஓரங்களில் சாறு குமிழியிடத் தொடங்கிய பிறகு வெளியே எடுத்து, அந்தக் கொதிப்பு அடங்குவதற்குள் மாவை மேலே வையுங்கள். 400 டிகிரியில் ஏறக்குறைய 15 நிமிடம் ஆகும். பாத்திரத்தையும் பழத்தின் அளவையும் பொறுத்து 20 நிமிடம் வரை போகலாம். கடிகாரத்தை விடக் குமிழியை நம்புங்கள். சூடான சாற்றின் மேல் விழுந்த நொடியிலேயே மாவின் அடிப்பக்கம் இறுகத் தொடங்கிவிடும். இந்த ஒன்றைச் செய்தாலே உங்கள் சிக்கலில் பாதிக்கு மேல் தீர்ந்துவிடும்.

இரண்டாவது, மாவை முழுவதும் மூடுமாறு பரப்பியது. அப்படிப் பரப்பினால் ஆவி வெளியேற இடமில்லாமல் போய், மாவுக்கு அடியிலேயே தங்கி அதை நனைக்கும். முட்டை அளவு உருண்டைகளாகக் கரண்டியால் எடுத்து, ஒன்றுக்கொன்று ஒரு விரல் இடைவெளி விட்டு வையுங்கள். வேகும்போது அவை உப்பி இடைவெளியைப் பெரும்பாலும் நிரப்பிக்கொள்ளும். இடையிடையே சாறு மட்டும் எட்டிப் பார்க்கும்.

மூன்றாவது, சாறு நீராகத் தேங்கியது. நீங்கள் சோள மாவு எதுவும் சேர்த்ததாக எழுதவில்லை. (நம் ஊரில் கார்ன்ஃப்ளார் என்று வாங்கும் வெள்ளைப் பொடி இங்கே கார்ன் ஸ்டார்ச் என்ற பெயரில் விற்கப்படுகிறது; மஞ்சளாக இருக்கும் கார்ன் மீலை எடுத்துவிட வேண்டாம்.) மூன்று பவுண்டு பழத்தைத் தோலுரித்து, கொட்டை நீக்கி, அரை அங்குலத்துக்குச் சற்றுக் கூடுதலான கனத்தில் துண்டுகளாக்கி, அரை கப் சர்க்கரையும் ஒரு சிட்டிகை உப்பும் கலந்து அரை மணி நேரம் வைத்திருங்கள். சர்க்கரை பழத்திலுள்ள நீரை வெளியே இழுத்துவிடும். அந்தச் சாற்றை வடித்து, கால் கப் மட்டும் எடுத்துக்கொண்டு, அதில் ஒன்றரை மேசைக்கரண்டி சோள மாவையும் ஒரு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாற்றையும் கட்டியில்லாமல் கரைத்துப் பழத்துடன் திரும்பச் சேருங்கள். மீதிச் சாற்றைக் கொட்டிவிட வேண்டாம். சிறிய பாத்திரத்தில் பாகு பதத்துக்குச் சுண்டக் காய்ச்சி, பரிமாறும்போது மேலே ஊற்றினால் மணமாக இருக்கும்.

சோள மாவு, சாறு நன்கு கொதிக்கும் அளவுக்குச் சூடாகும்போதுதான் முழுமையாகத் தடிக்கும். சாறு கொதிக்காமல் ஓவனை அணைத்துவிட்டால் அது தடிக்காது; நாக்கில் மாவு மாவாகவும் இருக்கும். பாத்திரத்தின் ஓரத்தில் மட்டுமல்லாமல், நடுவிலும் சாறு கெட்டியாக, மெதுவாகக் குமிழியிடுவதைப் பார்த்த பிறகே எடுக்க வேண்டும். எடுத்த பின் அரை மணி நேரமாவது ஆறவிட வேண்டும். கொதிநிலையில் நீர்த்திருக்கும் சாறு ஆறும்போதுதான் இறுகும்.

மேல் மாவுக்கு ஒன்றரை கப் மைதா, மூன்று மேசைக்கரண்டி சர்க்கரை, இரண்டு தேக்கரண்டி பேக்கிங் பவுடர், கால் தேக்கரண்டி சமையல் சோடா, அரை தேக்கரண்டி உப்பு ஆகியவற்றைக் கலந்துகொள்ளுங்கள். ஆறு மேசைக்கரண்டி வெண்ணெயைக் குளிர்ந்த நிலையிலேயே சிறு துண்டுகளாக வெட்டி மாவில் போட்டு, விரல் நுனியால் மட்டும் தேய்த்து உதிர்க்க வேண்டும். உள்ளங்கையின் சூடு படக்கூடாது. பட்டாணி அளவில் வெண்ணெய்த் துண்டுகள் ஆங்காங்கே தெரிய வேண்டும். ஓவனில் அவை உருகும்போது அவற்றிலுள்ள நீர் ஆவியாகி மாவை அடுக்கடுக்காகத் தூக்கிவிடுகிறது. பிறகு முக்கால் கப் பட்டர்மில்க் ஊற்றி, உலர்மாவு கண்ணுக்குத் தெரியாமல் போகும் வரை மட்டும் கிளறி நிறுத்திவிடுங்கள். சப்பாத்திக்குப் பிசைவதுபோல் பிசைந்தால் மாவு இழுவையாகி, வெந்தபின் கடினமாகிவிடும்.

இங்கே விற்கும் பட்டர்மில்க் நம் வீட்டு மோரை விடக் கெட்டியானது. வீட்டுத் தயிர் இருந்தால் அரை கப் தயிரும் கால் கப் பாலும் கலந்து ஊற்றுங்கள். புளிப்பு இருந்தால் போதும், சமையல் சோடா வேலை செய்யும். இதில் முட்டைக்கு இடமே இல்லை. உங்கள் மாமியார் தாராளமாக உண்ணலாம்.

மாவை வைத்த பின் மீண்டும் 400 டிகிரியில் 25 முதல் 30 நிமிடம் வரை ஆகும். நடுவிலுள்ள ஓர் உருண்டையைக் கத்தி நுனியால் தூக்கி அதன் அடிப்பக்கத்தைப் பாருங்கள். ஈரப்பசையோடு பளபளத்தால் இன்னும் வேகவில்லை. ரொட்டி போலப் பொறுபொறுவென்று இருந்தால் வெந்துவிட்டது. சமையல் வெப்பமானி வைத்திருப்பவர்கள் உருண்டையின் நடுவில் குத்திப் பார்த்தால் 200 டிகிரி காட்ட வேண்டும். இந்த அளவு 9 அங்குலச் சதுரப் பாத்திரத்துக்கானது. உங்கள் 9க்கு 13 பாத்திரத்துக்கு எல்லாவற்றையும் ஒன்றரை மடங்காக்குங்கள்.


இராமநாதன் (ஆஸ்டின், டெக்சஸ்)

பூங்கோதை அவர்களுக்கும் செல்வி அம்மாவுக்கும் வணக்கம். செல்வி அம்மா எழுதியது முழுவதும் சரி. ஆயினும் உங்கள் பக்கத்து வீட்டு அம்மையார் சொன்ன முறையையும் யாராவது எடுத்துச் சொல்ல வேண்டும் அல்லவா? இங்கே டெக்சஸ் மலைநாட்டில், ஃப்ரெட்ரிக்ஸ்பர்க், ஸ்டோன்வால் ஊர்களின் பீச் பழத்தை வைத்து நான் அறிந்த வீடுகளில் பெரும்பாலும் கரைத்து ஊற்றும் காப்ளர்தான் செய்கிறார்கள். கூட்டத்துக்குக் கொண்டுபோவதற்கு அதுதான் ஏற்றது என்பது என் கருத்து. அதில் அடிமாவு பச்சையாக நிற்கும் சிக்கலே எழுவதில்லை.

ஓவனை 350 டிகிரிக்குச் சூடாக்கும்போதே, 9க்கு 13 பாத்திரத்தில் அரை கப் வெண்ணெயை, அதாவது இங்கே விற்கும் ஒரு முழுக் கட்டியைப் போட்டு உள்ளே வைத்துவிடுங்கள். அது உருகி லேசாக மணம் வரும் நேரத்தில், ஒரு கப் மைதா, ஒரு கப் சர்க்கரை, இரண்டு தேக்கரண்டி பேக்கிங் பவுடர், கால் தேக்கரண்டி உப்பு, ஒரு கப் பால் ஆகியவற்றை ஊற்றும் பதத்தில் கரைத்துக்கொள்ளுங்கள். பாத்திரத்தை வெளியே எடுத்து, உருகிய வெண்ணெயின் மேல் இந்தக் கரைசலைப் பரவலாக ஊற்றுங்கள். அதன் மேல் நான்கு கப் பழத் துண்டுகளை, அடுப்பில் அரை கப் சர்க்கரையோடு ஒரு கொதி வரும் வரை சூடாக்கி, சாற்றோடு கரண்டி கரண்டியாக எடுத்து வையுங்கள். இதற்குப் பிறகு எக்காரணம் கொண்டும் கிளறக் கூடாது. முறை முழுவதும் அந்தக் கட்டுப்பாட்டில்தான் நிற்கிறது.

கிளறாமல் விட்டால், கனமான பழம் கீழே இறங்கும். பேக்கிங் பவுடரின் வாயுவால் உப்பிய மாவு அதைச் சுற்றி மேலே எழும். அடியிலிருந்த வெண்ணெய் ஓரங்களில் ஏறி, மாவை ஏறக்குறையப் பொரித்துவிடும். சூடான வெண்ணெயும் சூடான பழமும் கரைசலை இருபுறமும் அணைத்துக்கொள்வதால், செல்வி அம்மா சொன்ன அதே காரணத்தால்தான் இதுவும் முழுமையாக வேகிறது. ஓரத்தில் கேரமல் நிறத்தில் முறுகலாக நிற்கும் பகுதிக்காகவே எங்கள் வீட்டில் போட்டி நடக்கும். 45 முதல் 50 நிமிடம் வரை ஆகும். மேற்புறம் நன்கு சிவந்து, நடுவில் குச்சியைக் குத்தினால் பச்சை மாவு ஒட்டாமல் வர வேண்டும். இதிலும் முட்டை இல்லை. சோள மாவும் தேவையில்லை, சாற்றை மாவே உறிஞ்சிக்கொள்ளும்.

பாத்திரத்தைப் பற்றியும் ஒரு சொல். வார்ப்பிரும்புச் சட்டி இருந்தால் இந்த முறைக்கு அதற்கு இணையானது வேறில்லை. மேற்கு நோக்கிக் குடியேறியவர்கள் ஓவன் இல்லாத இடங்களில் மூடியுள்ள வார்ப்பிரும்புச் சட்டியைத் தணலில் வைத்து, மூடியின் மேலும் தணலைப் பரப்பித்தான் காப்ளர் வேகவைத்தார்கள். இன்றும் முகாம்களில் அப்படிச் செய்கிறார்கள். கீழும் மேலும் தணல் வைத்ததே இருபுற வெப்பத்துக்காகத்தான். ஆனால் பழத்தின் புளிப்பு இரும்பில் வெகுநேரம் நின்றால் சுவை கெடும் என்பதால், மீந்ததை உடனே வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிட வேண்டும். அலுமினியப் பாத்திரத்தில் பழத்தை ஊறவைப்பதையும் இதே காரணத்துக்காகத் தவிர்ப்பது நல்லது.

தோலை உரிப்பது பற்றி மட்டும் நான் மாறுபடுகிறேன். நன்கு பழுத்த பீச்சைக் கழுவி, ஈரத்துணியால் அதன் மேலுள்ள பூனைமயிரைத் துடைத்துவிட்டால் போதும். தோலின் சிவப்பு சாற்றில் இறங்கி நல்ல நிறம் தருகிறது.


அடுமனைச் செல்வி (கொலம்பியா, தென் கரோலினா)

இராமநாதன் ஐயா, நிறத்தைப் பற்றி நீங்கள் சொல்வதை ஏற்கிறேன். ஆனால் வெந்தபின் தோல் பழத்திலிருந்து கழன்று சுருண்டு, பல்லில் தனியாக மாட்டுகிறது. வயதானவர்கள் உண்ணும் பண்டத்தில் அதை நான் விரும்புவதில்லை. பழத்தின் அடியில் கத்தியால் ஒரு கீறல் குறுக்கும் நெடுக்குமாகப் போட்டு, கொதிநீரில் அரை நிமிடம் முதல் ஒரு நிமிடம் வரை வைத்து, உடனே பனிக்கட்டி நீரில் போட்டால், கீறிய இடத்தைப் பிடித்து இழுக்கத் தோல் முழுவதும் கையோடு வந்துவிடும். வராவிட்டால் அந்தப் பழம் இன்னும் பழுக்கவில்லை என்று பொருள். அதை ஒதுக்கி வைத்துவிடுங்கள்.

இந்த இடத்தில் பழுப்பதைப் பற்றிச் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் பூங்கோதை பழத்தைக் குளிர்பதனப் பெட்டியிலிருந்து எடுத்ததாக எழுதியிருக்கிறார். பழுக்காத பீச்சைக் குளிரில் வைத்தால், குறிப்பாக 36 முதல் 46 டிகிரி பாரன்ஹீட் வரையிலான வெப்பநிலையில் சில நாட்கள் கிடந்தால், சதை மாவாகி மணமும் போய்விடும். வீட்டுக் குளிர்பதனப் பெட்டிகள் இயங்குவது பெரும்பாலும் இந்த வெப்பநிலையில்தான். ஆகவே பெட்டியைத் திறந்து, பழங்களைக் காம்புப் பக்கம் கீழே இருக்குமாறு செய்தித்தாளின் மேல் ஒன்றையொன்று தொடாமல் பரப்பி, அறையிலேயே விடுங்கள். அவசரமென்றால் காகிதப் பையில் போட்டு வாயை மடித்து வையுங்கள். பழமே வெளியிடும் எத்திலீன் வாயு உள்ளேயே தங்கி விரைவில் பழுக்கவைக்கும். சிவப்பு நிறத்தை வைத்துப் பழுத்துவிட்டதென்று முடிவு செய்ய வேண்டாம். அது வெயில் பட்ட பக்கத்தின் நிறம், வகைக்கு வகை மாறும். சிவப்புக்கு இடையிலுள்ள அடிநிறம் பச்சை சிறிதும் இல்லாமல் மஞ்சளாக மாறியிருக்க வேண்டும். காம்புக்குழியருகே மூக்கை வைத்தால் மணம் தூக்க வேண்டும். அங்கே மெல்ல அழுத்தினால் சற்றுக் கொடுக்க வேண்டும். இந்த மூன்றும் வந்தபின் உடனே பயன்படுத்த இயலாவிட்டால் அப்போது குளிர்பதனப் பெட்டியில் வைக்கலாம்.

காப்ளருக்கு மிகவும் கனிந்து குழைந்ததை விட, மணம் வந்தும் சற்று உறுதியாக இருக்கும் பழமே ஏற்றது. குழைந்ததெல்லாம் ஜாமுக்குப் போகட்டும். ஜூலை மாதம் என்பதால் உங்களிடம் இருப்பது கொட்டையிலிருந்து எளிதில் பிரியும் வகையாகவே இருக்கும். மே மாதம் முதலில் வருபவை கொட்டையோடு ஒட்டிக்கொண்டிருக்கும் வகை. சுவை நன்றாக இருந்தாலும் துண்டு போடுவதற்குள் பாதிப் பழம் கசங்கிவிடும். 1870களில் மார்ஷல்வில்லில் சாமுவேல் ரம்ஃப் உருவாக்கிய எல்பெர்ட்டா வகை ஜார்ஜியாவின் பீச் வணிகத்தையே தூக்கி நிறுத்தியதற்குக் காரணம், அது தொலைதூரப் பயணத்தைத் தாங்கியதோடு கொட்டையிலிருந்து சுத்தமாகப் பிரிந்ததும்தான். இன்று கடைகளில் அதை எளிதில் காண முடியாவிட்டாலும், அந்த இரண்டு குணங்களையும் இப்போதைய வகைகளிலும் தேடித்தான் வாங்குகிறார்கள்.

வாசனைப் பொருட்களில் கை அடங்கியே இருக்கட்டும். பட்டைத்தூளை அள்ளிப் போட்டால் பீச்சின் மென்மையான மணம் எங்கோ போய்விடும். மூன்று பவுண்டுக்குக் கால் தேக்கரண்டி துருவிய ஜாதிக்காய் போதும். ஏலக்காய் போட விரும்பினால், ஜாதிக்காயை விட்டுவிட்டு இரண்டு காய்களின் விதையை மட்டும் பொடித்துச் சேருங்கள். அது மிகவும் பொருந்தும்.


நிலா (போர்ட்லாண்ட், ஆரிகன்)

பூங்கோதை, பிளாக்பெர்ரி பற்றிய உங்கள் கேள்விக்கு இன்னும் விடை வரவில்லை என்பதால் எழுதுகிறேன். எங்கள் பகுதியில் கோடையில் பீச்சை விடப் பெர்ரிதான் மலிவு. 1956இல் வெளியிடப்பட்ட மேரியன்பெர்ரி என்ற பிளாக்பெர்ரி வகை இந்த மாநிலத்தில்தான் உருவாக்கப்பட்டது. ஜூலையில் அதன் காலம் தொடங்கியதும் காப்ளர் என்றாலே எங்களுக்கு அதுதான்.

தாராளமாகச் சேருங்கள். ஆனால் பீச்சோடு சேர்த்து ஊறவைத்துக் கிளற வேண்டாம். பெர்ரி நசுங்கி எல்லாமே கருநீலமாகிவிடும். பீச்சை ஓவனில் முதலில் சூடாக்கி எடுத்தபின், மாவு வைப்பதற்குச் சற்று முன்பு, பெர்ரியை மேலே தூவுங்கள். பழம் மொத்தத்தில் நான்கில் ஒரு பங்குக்கு மேல் போகாமல் இருந்தால் பீச்சின் சுவை மேலோங்கி நிற்கும். குளிர்பதனப் பெட்டியிலிருந்து எடுத்த பெர்ரியானால் அரை மணி முன்பே வெளியே வைத்துவிடுங்கள். இல்லாவிட்டால் சூடாக்கிய பழத்தை நீங்களே மீண்டும் ஆறவைத்ததாகிவிடும்.

பெர்ரி சேரும்போது சோள மாவை அரை மேசைக்கரண்டி கூட்டிக்கொள்ளுங்கள். சோள மாவு இல்லாதவர்கள் மைதாவைப் பயன்படுத்தலாம். ஆனால் இரண்டு மடங்கு தேவைப்படும், சாறும் கண்ணாடி போலத் தெளியாமல் மங்கலாக இருக்கும். மரவள்ளி மாவு, அதாவது டாப்பியோக்கா மாவு, என் விருப்பம். நம் இந்தியக் கடைகளில் விற்கும் ஜவ்வரிசியை மிக்ஸியில் நைசாகப் பொடித்தாலும் அதே வேலையைச் செய்யும், ஏனென்றால் அதுவும் மரவள்ளியிலிருந்து எடுப்பதுதான். அது சோள மாவை விடக் குறைந்த வெப்பத்திலேயே தடிக்கத் தொடங்கும். புளிப்புள்ள பழச்சாற்றிலும் எளிதில் நீர்த்துப்போகாது. சாறும் பளபளவென்று இருக்கும். பெர்ரியின் புளிப்புக்கு இது மிகவும் கைகொடுக்கிறது.

முட்டை பற்றிப் பேச்சு வந்ததால் இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். சிலர் காப்ளருக்கு மேலே கடையில் வாங்கிய, பை (pie) என்ற பண்டத்துக்கான மாவைப் பின்னலாக அடுக்குவார்கள். அப்படிச் செய்ய நினைத்தால் உறையைப் படித்துப் பாருங்கள். சில வகைகளில் பன்றிக்கொழுப்பு சேர்க்கிறார்கள்; முட்டை இல்லை என்பதாலேயே அது சைவமாகிவிடாது. வீட்டில் வெண்ணெயில் செய்யும் பிஸ்கட் மாவில் இந்தக் கவலை இல்லை.


பூங்கோதை (அட்லாண்டா)

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. பழங்களைச் செய்தித்தாளில் பரப்பிவிட்டேன். பெரும்பாலானவற்றில் அடிநிறம் மஞ்சளாகிக்கொண்டிருக்கிறது, ஓரிரண்டில் மட்டும் காம்பருகே பச்சை இருக்கிறது. பழத்தை முன்கூட்டியே சூடாக்க வேண்டும் என்ற ஒரு கருத்தில் இரண்டு முறைகளும் ஒன்றுபடுவதைப் பார்த்தபின் மனத்தில் தெளிவு பிறந்தது. மாமியாருக்கு மேலே ரொட்டி போலத் தனியாக நிற்பது பிடிக்கும் என்பதால் பிஸ்கட் முறையிலேயே செய்யவிருக்கிறேன். ஐயா சொன்ன முறையை அடுத்த வாரம் வீட்டுக்கு மட்டும் செய்வேன்.

இன்னும் இரண்டு ஐயங்கள். விருந்து மாலை ஆறு மணிக்கு. எப்போது செய்து எப்படிக் கொண்டுபோவது? மேலும், இவ்வளவு பழத்தையும் ஒரே வாரத்தில் தீர்க்க இயலாது. உறையவைத்துப் பிறகு காப்ளருக்குப் பயன்படுத்த முடியுமா?


அடுமனைச் செல்வி (கொலம்பியா, தென் கரோலினா)

முடிந்தவரை அன்று மதியமே செய்யுங்கள். பழத்தை நறுக்கிச் சர்க்கரையில் ஊறவைப்பதைக் காலையில் முடித்து, உலர்மாவில் வெண்ணெயை உதிர்த்து அந்தக் கலவையையும் மூடிக் குளிர்பதனப் பெட்டியில் வைத்துவிடலாம். பட்டர்மில்க்கை மட்டும், பழம் ஓவனில் குமிழியிடும் நேரத்தில் ஊற்றிக் கிளறுங்கள். ஈரம் பட்டவுடன் சோடா வேலை செய்யத் தொடங்கிவிடும் என்பதால் அதை முன்கூட்டியே செய்து வைக்கக் கூடாது. நான்கரை மணிக்கு ஓவனிலிருந்து எடுத்தால், ஆறு மணிக்குச் சாறு இறுகி, இளஞ்சூடும் இருக்கும். சூடாக இருக்கும்போது இறுக மூட வேண்டாம். ஆவி மீண்டும் மாவின் மேலேயே சொட்டி, பாடுபட்டு வரவழைத்த மொறுமொறுப்பைக் கெடுத்துவிடும். மெல்லிய துணி போர்த்தி எடுத்துச் செல்லுங்கள். வனிலா ஐஸ்கிரீமைப் பரிமாறும் நேரத்தில் தனியாக வைத்துக்கொள்ளலாம். மீந்ததைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்து, மறுநாள் 350 டிகிரி ஓவனில் கால் மணி நேரம் சூடாக்குங்கள். மைக்ரோவேவில் வைத்தால் மேல் மாவு தொய்ந்துவிடும்.

உறையவைப்பது மிகவும் நல்ல யோசனை. தோலுரித்து நறுக்கிய துண்டுகளில் எலுமிச்சைச் சாறு பிசறி, தட்டில் ஒன்றையொன்று ஒட்டாமல் பரப்பி உறையவையுங்கள். கல்லாக இறுகியபின் உறைபெட்டிக்கான பைகளில் போட்டு, காற்றை முடிந்தவரை வெளியேற்றி மூடுங்கள். ஒரு பையில் மூன்று பவுண்டுப் பழம் என்று கணக்காக வைத்தால் ஒவ்வொரு பையும் ஒரு காப்ளருக்குச் சரியாக இருக்கும். மேலே தேதியும் எழுதிவிடுங்கள். அடுத்த பருவம் வரும் வரை தாங்கும்.

பயன்படுத்தும்போது ஒன்றில் மட்டும் கவனம் தேவை. உறைந்த பழத்தைக் கண்ணாடிப் பாத்திரத்தில் கொட்டி நேராகச் சூடான ஓவனில் வைக்கக் கூடாது. திடீர் வெப்ப மாற்றத்தில் பாத்திரம் வெடித்துவிடக்கூடும். முதல்நாள் இரவே வடிகட்டியில் போட்டு அடியில் ஒரு கிண்ணம் வைத்துக் குளிர்பதனப் பெட்டியில் உருகவிடுங்கள். உறைந்து உருகிய பழம் புதுப்பழத்தை விடக் கூடுதலாகச் சாறு விடும். கிண்ணத்தில் சேரும் சாற்றை அடுப்பில் வைத்துக் கால் கப்பாகச் சுண்டவைத்து, ஆறியபின் அதில் சோள மாவைக் கரைத்துப் பழத்தோடு சேர்த்துவிட்டால், நீர்த்துப்போகுமோ என்ற கவலையில்லாமல் சாற்றின் மணம் முழுவதையும் காப்ளருக்குள்ளேயே வைத்துக்கொள்ளலாம். ஓவனில் பழத்தை முன்கூட்டியே சூடாக்கும் நேரத்தை மட்டும் ஐந்து நிமிடம் நீட்டிக்கொள்ளுங்கள்.